எதிர்த்த உத்தரவே ரத்தாகிவிட்டால் ரிட் மனு என்ன ஆகும்? ‘இன்ஃப்ரக்சுவஸ்’ தள்ளுபடியைக் கையாளும் முறை

உயர் நீதிமன்றத்தில் ஒரு ரிட் மனு (அரசுத் தரப்பின் உத்தரவையோ செயலையோ எதிர்த்துப் போடும் வழக்கு) விசாரணைக்கு வருகிறது. அரசு வழக்கறிஞர் எழுந்து, ‘எந்த உத்தரவை எதிர்த்து வழக்குப் போட்டார்களோ, அந்த உத்தரவே ரத்தாகிவிட்டது’ என்று சொல்லி ஒரு மெமோவை நீட்டுகிறார். நீதிபதி மனுதாரரின் வழக்கறிஞரைப் பார்க்கிறார். அவர் ‘எஸ், மை லார்ட்’ என்றால் அரை நிமிடத்தில் வழக்கு முடிந்துவிடும். பிறகு கைக்கு வரும் உத்தரவு பெரும்பாலும் இந்த மூன்று வரிதான்: “மேற்படி கூற்றைப் பதிவு செய்து, பயனற்றதாகிவிட்ட இந்த ரிட் மனு தள்ளுபடி செய்யப்படுகிறது. செலவுத்தொகை இல்லை. இதனுடன் தொடர்புடைய இடைக்கால மனுவும் முடிக்கப்படுகிறது.”

கோர்ட் வட்டாரத்தில் இதற்கு ‘இன்ஃப்ரக்சுவஸ் ஆகிவிட்டது’ என்பார்கள். சில வழக்குகளில் இது நியாயமான முடிவு. கேட்டது கிடைத்த பின் வழக்கை இழுத்துக்கொண்டிருப்பதில் யாருக்கும் லாபமில்லை. ஆனால் பல வழக்குகளில் மனுதாரருக்கு வர வேண்டிய சம்பள நிலுவை, திரும்பக் கிடைக்க வேண்டிய பணம், பணிப் பதிவேட்டில் ஏறிவிட்ட கறை எல்லாம் அந்த மூன்று வரிக்கு அடியில் புதைந்துபோகின்றன. அந்த அரை நிமிடத்துக்கு முன்கூட்டியே தயாராக இருந்தால் இதைத் தடுத்துவிடலாம்.

நீதிமன்றம் எதைப் பார்க்கிறது

வழக்கு தாக்கலான நாளில் இருந்த உரிமையை வைத்துத் தீர்ப்புச் சொல்வதுதான் பொது விதி. பிறகு நடந்த ஒன்று, கேட்ட நிவாரணத்தின் அடித்தளத்தையே அசைத்துவிட்டால் அதையும் நீதிமன்றம் கவனமாகக் கணக்கில் எடுத்துக்கொள்ளலாம். 1975ல் பசுபுலேட்டி வெங்கடேஸ்வரலு வழக்கில் நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு இதற்கு இன்றும் மேற்கோளாகிறது. 2004ல் ஷிப்பிங் கார்ப்பரேஷன் எதிர் மச்சாடோ பிரதர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னும் ஒரு படி மேலே போனது. அடுத்து நடந்த நிகழ்வால் பயனற்றுப்போன வழக்கை நிலுவையில் வைத்திருக்காமல் முடித்து வைப்பது நீதிமன்றத்தின் கடமை என்றது. சிவில் வழக்கில் பிரதிவாதி இதற்காக சிவில் நடைமுறைச் சட்டம் 151ஆம் பிரிவில் தனி மனுவே போடலாம்.

இந்தத் தீர்ப்புகளிலிருந்து கிடைக்கும் சோதனை ஒரே கேள்விதான். நீதிமன்றம் இன்றைக்கே உங்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பு எழுதிக் கொடுத்தால், அதனால் உங்கள் நிலைமையில் ஏதாவது மாறுமா? ஒன்றும் மாறாது என்றால் வழக்கில் உயிர் இல்லை. ஏதோ ஒன்று, சின்னதாகவேனும், மாறும் என்றால் வழக்கு இருக்கிறது. அந்தச் சின்ன ஒன்றைக் கண்டுபிடித்து, ஆவணத்தோடு நீதிபதி முன் வைப்பது உங்கள் வேலை. நீதிமன்றம் தானாகத் தேடித் தராது.

எந்தெந்த இடத்தில் இது வரும்

தேதி கடந்துபோவதுதான் அதிகம். ஊர்வலத்துக்கு அனுமதி மறுத்து முந்தைய நாள் மாலை போலீஸ் கடிதம் கொடுக்கும். மனுவுக்கு எண் கிடைத்து விசாரணைப் பட்டியலுக்கு வருவதற்குள் ஊர்வலத் தேதி போய்விடும். தேர்வு ஹால் டிக்கெட், டெண்டர், கலந்தாய்வு, கோயில் திருவிழா எல்லாம் இதே ரகம். ஊராட்சித் தலைவரை நீக்கிய உத்தரவை எதிர்த்த வழக்கு, பதவிக்காலம் முடிந்த பிறகு விசாரணைக்கு வருவதும் உண்டு.

குண்டர் தடுப்புச் சட்டம் என்று நாம் சொல்லும் 1982ஆம் ஆண்டின் 14ஆம் எண் தமிழ்நாடு சட்டத்தில் ஒருவரை அதிகபட்சம் 12 மாதம்தான் அடைத்து வைக்கலாம். ஆட்கொணர்வு மனு அதற்குள் முடிவுக்கு வராவிட்டால், ஆள் வெளியே வந்துவிட்டார் என்று மனுவை முடித்துவிடுவார்கள். ஒரு வருடச் சிறைவாசம் சட்டப்படிதானா என்ற கேள்விக்குப் பதிலே இல்லாமல் போய்விடும். ஆகவே இந்த மனுக்களில் சீக்கிரம் பட்டியலிடச் சொல்லி வற்புறுத்துவதே பாதி வேலை.

‘என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள்’ என்று கேட்ட ரிட் இன்னொரு வகை. அதிகாரி மனுவைப் பரிசீலித்து நிராகரித்தாலும் உங்கள் கோரிக்கை நிறைவேறிவிட்டதாகத்தான் பொருள். அந்த ரிட் முடிந்தது. நிராகரிப்பை எதிர்த்துப் புதிதாகத்தான் வர வேண்டும். நீதிமன்ற அவமதிப்பு மனுவிலும் இதே நிலைதான். உத்தரவை அமல்படுத்துவதாகச் சொல்லி அதிகாரி உங்களுக்கு எதிரான ஒரு முடிவை எடுத்தால், அது புதிய வழக்குமூலம், அதாவது தனியாக வழக்குப் போடுவதற்கான புதுக் காரணம் என்று ஜே.எஸ். பரிஹார் வழக்கில் 1996லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அவமதிப்பு மனுவில் அந்த முடிவின் சரி தவறைப் பேச முடியாது.

இன்ஃப்ரக்சுவஸ் போலத் தோன்றி அப்படி இல்லாதவையும் உண்டு. எதிர்த்தரப்பு இவற்றைத் துணிந்து சொல்லிப் பார்க்கும். சொத்து வழக்கு நடக்கும்போது பிரதிவாதி மூன்றாம் ஆளுக்கு விற்றுவிட்டால் வழக்கு சாகாது. சொத்துரிமை மாற்றுச் சட்டம் 52ஆம் பிரிவின்படி வாங்கியவரும் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவரே. கீழ்க்கோர்ட் டிக்ரி நிறைவேற்றப்பட்டுவிட்டது என்பதாலும் மேல்முறையீடு முடிந்துபோகாது. ஜெயித்தால் சிவில் நடைமுறைச் சட்டம் 144ஆம் பிரிவில் பழைய நிலையை மீட்டுத் தரக் கேட்கலாம். எஃப்.ஐ.ஆரை ரத்து செய்யக் கோரிய மனு நிலுவையில் இருக்கும்போது போலீஸ் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்துவிட்டால், ‘இனி இந்த மனு நிற்காது’ என்று சொல்வது வழக்கம். ஆனந்த்குமார் மொஹட்டா வழக்கில் 2018 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. அப்போது அது குற்றவியல் நடைமுறைச் சட்டம் 482ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528ஆம் பிரிவு.

மெமோவை வாங்கிப் படியுங்கள்

‘உத்தரவு வாபஸ் பெறப்பட்டது’ என்று வாயால் சொன்னதை வைத்து ஒத்துக்கொள்ளாதீர்கள். வாபஸ் உத்தரவின் நகலைக் கேளுங்கள். கையில் இல்லை என்றால், நகலோடு அடுத்த விசாரணைக்கு வரச் சொல்லுமாறு நீதிபதியைக் கேட்பதில் தவறில்லை. எந்த நீதிபதியும் இதற்குக் கோபித்துக்கொள்ள மாட்டார்.

நகல் கையில் வந்ததும் முதலில் பார்க்க வேண்டியது தேதியும் எண்ணும். பல சமயம் ரத்தானது வேறு உத்தரவாக இருக்கும், அல்லது உங்கள் உத்தரவில் ஒரு பகுதி மட்டும் ரத்தாகியிருக்கும். அடுத்து, எந்த நாளிலிருந்து ரத்து என்பது. ‘இன்று முதல்’ என்றால் இதுவரை அந்த உத்தரவால் நடந்ததெல்லாம் அப்படியே நிற்கும். தற்காலிகப் பணிநீக்க உத்தரவை உதாரணமாக எடுத்துக்கொள்ளுங்கள். ‘பணியில் மீண்டும் சேர அனுமதிக்கப்படுகிறார்’ என்று மட்டும் எழுதியிருந்தால், வெளியே இருந்த காலம் பணிக்காலமா, விடுப்பா, சம்பளமில்லாத காலமா என்பது தொங்கலில் இருக்கிறது. அதில்தான் ஊதிய உயர்வும் பணிமூப்பும் ஓய்வூதியக் கணக்கும் இருக்கின்றன. மனுதாரர் மறுநாளே வேலைக்குப் போகிறார் என்ற சந்தோஷத்தில் இந்த இடத்தைக் கோட்டைவிடுவது மிகச் சாதாரணமாக நடக்கிறது.

மூன்றாவதாக, ‘மீண்டும் நடவடிக்கை எடுக்கும் உரிமைக்குப் பாதகமின்றி’ என்ற தொடர் இருக்கிறதா என்று தேடுங்கள். இருந்தால் அதே உத்தரவு அடுத்த மாதம் வேறு எண்ணில் திரும்பி வரலாம். வந்தால் எதிர்க்கும் உரிமை உங்களுக்கு உண்டு என்பதை இப்போதே பதிவு செய்துகொள்ள வேண்டும். நான்காவது, உத்தரவின்படி நீங்கள் கட்டிய பணம். அபராதமோ, டெபாசிட்டோ, பிடித்தம் செய்த சம்பளமோ திரும்பத் தரப்படும் என்று வாபஸ் உத்தரவில் ஒரு வரி இல்லையென்றால் அது தானாக வராது.

மிச்சம் என்ன இருக்கிறது?

விசாரணைக்கு முந்தைய நாளே ஒரு தாளில் இதை எழுதிவிடுங்கள்: அந்த உத்தரவு உயிரோடு இருந்த காலத்தில் எனக்கு என்ன நஷ்டம், அது இன்றைக்கும் தொடர்கிறதா, அந்த உத்தரவை ஆதாரமாக வைத்து வேறு நடவடிக்கை ஏதாவது நடக்கிறதா. இதில் ஒன்றுக்காவது ஆவணம் இருந்தால் வழக்கு இன்ஃப்ரக்சுவஸ் இல்லை.

இதை விளக்க ருதுல் சா வழக்கைவிட நல்ல உதாரணம் கிடையாது. பீகாரில் 1968 ஜூன் 3ஆம் தேதி செஷன்ஸ் கோர்ட் விடுதலை செய்த மனிதர், 1982 அக்டோபர் 16 வரை சிறையிலேயே இருந்தார். பதினான்கு ஆண்டுக்கும் மேல். உச்ச நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு எடுத்துக்கொள்ளப்பட்ட அன்று, ‘அவரை விட்டாகிவிட்டது’ என்று மாநில அரசு சொன்னது. விடுதலை என்ற கோரிக்கை அத்தோடு தீர்ந்தது. ஆனால் மனுவில் சிகிச்சைச் செலவும் இழப்பீடும் சேர்த்துக் கேட்கப்பட்டிருந்தன. அந்தத் துணைக் கோரிக்கைகள் இருந்ததால்தான் நீதிமன்றம் அரசிடம் விளக்கம் கேட்க முடிந்தது. 1983ல் வந்த தீர்ப்பில், ஏற்கெனவே கொடுத்த 5,000 ரூபாயோடு மேலும் 30,000 ரூபாய் கொடுக்கச் சொன்னது. அடிப்படை உரிமை மீறலுக்கு ரிட் வழக்கிலேயே இழப்பீடு தரலாம் என்ற வழி இந்திய சட்டத்தில் அங்கிருந்துதான் திறந்தது. விடுதலையை மட்டும் கேட்டிருந்தால் அந்த வழக்கு மூன்று வரியில் முடிந்திருக்கும்.

இரண்டு ஆண்டு கழித்து, ஜம்மு காஷ்மீர் சட்டமன்ற உறுப்பினர் பீம் சிங் வழக்கிலும் ஆள் வெளியே வந்த பிறகுதான் தீர்ப்பு. சட்டமன்றக் கூட்டத்துக்குப் போகவிடாமல் பிடித்து வைத்ததற்கு 50,000 ரூபாய் இழப்பீடு தரப்பட்டது. ஆகவே மனு எழுதும்போதே நிவாரணத்தை ஒற்றைக் கால் நாற்காலியாக வைக்காதீர்கள். உத்தரவை ரத்து செய்யக் கேட்கும் இடத்திலேயே, அதனால் பிடித்த தொகையைத் திருப்பித் தரவும், இழந்த காலத்தைப் பணிக்காலமாகக் கருதவும், தேவைப்பட்டால் இழப்பீடு வழங்கவும் சேர்த்துக் கேளுங்கள். ‘சூழ்நிலைக்கேற்ற பிற நிவாரணம்’ என்ற வழக்கமான வால் மட்டும் போதாது. எண்ணோடு, காலத்தோடு கேட்டால்தான் பிற்பாடு அது பிடிமானமாகும்.

தேர்தல் வழக்குகளில் இந்த ‘மிச்சம்’ மிகத் துல்லியமாகத் தெரியும். சட்டமன்றமே கலைந்துவிட்டது, அதற்கு நடந்த தேர்தல் செல்லுமா என்ற வழக்கு என்னாகும்? 1969ல் சிவதான் சிங் வழக்கில், சபை கலைந்ததால் மட்டும் தேர்தல் மனு முடிந்துவிடாது என்றது உச்ச நீதிமன்றம். ஊழல் நடைமுறை நிரூபணமானால் பிற்காலத் தேர்தல்களில் நிற்கும் தகுதியே போகலாம். ஆகவே அங்கே பாக்கி இருக்கிறது. 1974ல் ஒடிசாவின் லோக்நாத் பதான் வழக்கில் ஊழல் நடைமுறைக் குற்றச்சாட்டு கிடையாது. அரசு ஒப்பந்தம் இருந்ததால் வேட்புமனு செல்லுமா என்ற கேள்வி மட்டும்தான். பேரவை கலைந்த பிறகு அது வெறும் ஏட்டுக் கேள்வி என்று நீதிமன்றம் உள்ளே போக மறுத்துவிட்டது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படித்தால் எல்லைக்கோடு எங்கே என்று பிடிபடும்.

சட்டமே மாறிவிட்டாலும் இதே கணக்குதான். இந்திய தண்டனைச் சட்டத்தின் தேசத்துரோகப் பிரிவான 124ஏ வழக்கில், புதிய குற்றவியல் மசோதா வந்துவிட்டது, பொறுத்திருக்கலாம் என்று ஒன்றிய அரசு கேட்டது. பழைய பிரிவில் பதிவான வழக்குகள் பழைய சட்டப்படியே தொடரும் என்பதால் அந்தக் கேள்வி இன்னும் உயிரோடு இருக்கிறது என்று சொல்லி, 2023 செப்டம்பர் 12 அன்று உச்ச நீதிமன்றம் அதைப் பெரிய அமர்வுக்கு அனுப்பியது. உங்கள் வழக்கில் ஒரு விதியோ சட்டமோ திருத்தப்பட்டுவிட்டால், பொதுப் பிரிவுகள் சட்டத்தின் 6ஆம் பிரிவை எடுத்துப் பாருங்கள். நீக்கப்பட்ட சட்டத்தின் கீழ் ஏற்கெனவே உண்டான உரிமையும் பொறுப்பும் பொதுவாகத் தொடரும்.

நோட்டீஸ் உத்தரவாக மாறிவிட்டால்: கோரிக்கைத் திருத்தம்

அதிகம் பேர் தவறவிடும் கட்டம் இது. விளக்கம் கேட்பு நோட்டீஸை எதிர்த்து ரிட் போட்டிருக்கிறீர்கள், இடைக்காலத் தடை கிடைக்கவில்லை. துறை இறுதி உத்தரவு போட்டுவிடுகிறது. இனி பழைய கோரிக்கையால் பயனில்லை. நோட்டீஸ் ரத்தானாலும் உத்தரவு எதிர்க்கப்படாமல் நிற்கும். அடிப்படையே சட்டவிரோதம் என்றால் அதன்மேல் எழுந்த எல்லாமும் விழும் என்று வாதிடலாம் என்பது உண்மை. ஆனால் அந்த வாதத்தை நம்பி இறுதி உத்தரவை எதிர்க்காமல் விடுவது ஆபத்து.

செய்ய வேண்டியது: இறுதி உத்தரவின் நகல் கிடைத்த உடனே, கோரிக்கையைத் திருத்த அனுமதி கேட்டு இடைக்கால மனு போடுங்கள். கூடவே ஒரு அஃபிடவிட். அதில் ரிட் தாக்கலான தேதி, ரிட் பற்றிய கோர்ட் நோட்டீஸ் எதிர்த்தரப்புக்குக் கிடைத்த தேதி, இறுதி உத்தரவின் தேதி, அது உங்கள் கைக்கு வந்த தேதி ஆகிய நான்கும் வரிசையாக இருக்க வேண்டும். வழக்கு நிலுவையில் இருப்பது தெரிந்தே உத்தரவு போட்டார்கள் என்பதை இந்த நான்கு தேதிகளே காட்டிவிடும். திருத்த வரியை இப்படி எழுதலாம்: “ரிட் மனுவின் கோரிக்கையில் ‘... தேதியிட்ட விளக்கம் கேட்பு நோட்டீஸ்’ என்று உள்ள இடத்தில், ‘... தேதியிட்ட நோட்டீஸும் அதைத் தொடர்ந்து பிறப்பிக்கப்பட்ட ... தேதியிட்ட, ... எண் கொண்ட இறுதி உத்தரவும்’ என்று திருத்த அனுமதிக்க வேண்டும்.” இறுதி உத்தரவை எதிர்க்கும் காரணங்களையும் கூடுதலாகச் சேர்க்க அனுமதி கேளுங்கள். கோரிக்கையை மட்டும் மாற்றி, காரணங்களைப் பழையபடி விட்டால், நோட்டீஸுக்கான வாதங்களை வைத்து உத்தரவோடு மல்லுக்கட்ட வேண்டியிருக்கும்.

ஜிஎஸ்டி வழக்குகளில் இந்தக் கட்டம் மிகக் கொடுமையானது. டிஆர்சி-01 என்ற விளக்கம் கேட்பு நோட்டீஸை எதிர்த்து வழக்கு நடக்கும். டிஆர்சி-07 என்ற இறுதி உத்தரவு ஜிஎஸ்டி போர்ட்டலில் ஏறிவிடும். யாரும் பார்த்திருக்க மாட்டார்கள். ஜிஎஸ்டி சட்டத்தின் 107ஆம் பிரிவில் மேல்முறையீட்டுக்கு 3 மாதம், தாமதத்தை மன்னிக்க மேலும் 1 மாதம், அவ்வளவுதான். ரிட் நிலுவையில் இருக்கிறது என்பதற்காகக் கடிகாரம் நிற்காது. 5ஆம் மாதம் விசாரணைக்கு வந்து, ‘இறுதி உத்தரவு வந்துவிட்டது, இது இன்ஃப்ரக்சுவஸ், மேல்முறையீடு செய்யுங்கள்’ என்று சொன்னால் போகும் கதவும் மூடியிருக்கும். ஆகவே வழக்கு நிலுவையில் உள்ளவரை வாரம் ஒருமுறை போர்ட்டலைத் திறந்து பார்ப்பது கட்டாயம். ரிட் முடிக்கப்படும் நிலை வந்தால், மனு தாக்கலான நாள் முதல் உத்தரவு நகல் கிடைக்கும் நாள் வரையான காலத்தை மேல்முறையீட்டுக் கெடுவிலிருந்து கழிக்க உத்தரவிடும்படி கேட்டு, அதை எழுத்தில் வாங்குங்கள். மேல்முறையீட்டுக்குத் தகராறில் உள்ள வரியில் 10 சதவீதம் முன்கூட்டிக் கட்ட வேண்டும் என்பதையும் நினைவில் வையுங்கள்.

சிவில் கோர்ட்டிலும் இதன் நிழல் உண்டு. அனுபவத்தில் இருக்கும் நிலத்துக்கு நிரந்தரத் தடை கேட்டு வழக்குப் போட்டிருக்கும்போது எதிராளி உள்ளே நுழைந்துவிட்டால், வெறும் தடைக் கோரிக்கையால் பயனில்லை. சுவாதீனத்தை மீட்டுத் தரக் கோரித் திருத்த வேண்டும். கோர்ட் கட்டணமும் அதற்கேற்பக் கூடும். உரிமையைப் பேசாமல் அனுபவத்தை மட்டும் வைத்து, குறிப்பிட்ட நிவாரணச் சட்டம் 6ஆம் பிரிவில் தனி வழக்காகப் போவதென்றால் வெளியேற்றப்பட்ட நாளிலிருந்து 6 மாதத்துக்குள் போட வேண்டும். கட்டடம் இடிபட்டுவிட்டாலும் இதே அணுகுமுறைதான்: இடிப்பு நோட்டீஸை எதிர்த்த கோரிக்கையை இழப்பீட்டுக்கும் மறுகட்டுமானத்துக்கும் மாற்றுங்கள். வீடு தரைமட்டமான பிறகு பேச ஒன்றுமில்லை என்பது தவறு. பிரயாக்ராஜில் முறையற்று வீடு இடிக்கப்பட்டவர்களுக்கு, 2025ல் உச்ச நீதிமன்றம் ஆளுக்கு 10 லட்சம் ரூபாய் கொடுக்கச் சொன்னது.

முடித்துக்கொள்வதாக இருந்தால், எந்தச் சொல்லில்?

‘வாபஸ் பெறுகிறோம்’ என்று சொல்வதும் ‘இன்ஃப்ரக்சுவஸ் என்று முடியுங்கள்’ என்று சொல்வதும் ஒன்றல்ல. புதிய மனு போடும் உரிமையைக் கேட்டு வாங்காமல் ரிட் மனுவை வாபஸ் பெற்றால், அதே காரணத்துக்காக மீண்டும் அரசியலமைப்பின் 226ஆம் உறுப்பின் கீழ் உயர் நீதிமன்றத்துக்கு ரிட் மனுவோடு வர முடியாது என்று சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆட்கொணர்வு போன்ற தனிமனிதச் சுதந்திர வழக்குகளை அந்தத் தீர்ப்பு இதில் சேர்க்கவில்லை. மாறாக, பயனற்றது என்று முடிக்கப்பட்ட வழக்கில் எதுவும் விசாரித்துத் தீர்மானிக்கப்படவில்லை. ஆகவே சிவில் நடைமுறைச் சட்டம் 11ஆம் பிரிவின் முன்தீர்ப்புத் தடை (ஒருமுறை தீர்ந்ததை மீண்டும் வழக்காக்க முடியாது என்ற விதி) அதற்கு வராது, முன்னுதாரணமாகவும் அதைக் காட்ட முடியாது. இருந்தாலும் உத்தரவில் மூன்று விஷயம் ஏறும்படி கேளுங்கள்: எந்தத் தேதியிட்ட எந்த உத்தரவு வாபஸானது என்ற விவரம், அரசுத் தரப்பு கொடுத்த உறுதிமொழி, பாக்கிக் கோரிக்கைகளுக்கும் புதிய உத்தரவு வந்தால் அதை எதிர்க்கவும் மனுதாரருக்குள்ள உரிமை.

இடைக்கால உத்தரவின் மேல் நிற்கிறவர்கள் இன்னும் அதிக எச்சரிக்கையோடு இருக்க வேண்டும். முதன்மை மனு போனால் இடைக்கால உத்தரவும் போய்விடும். அதனால் பெற்ற பலனைத் திருப்ப வேண்டியும் வரலாம் என்கிறது 2010ல் வந்த கலாபாரதி அட்வர்டைசிங் தீர்ப்பு. வரி வசூலுக்குத் தடை வாங்கி இரண்டு வருடம் ஓட்டிவிட்டு மனுவை முடித்துக்கொண்டால், வரியோடு வட்டியும் கேட்டு நோட்டீஸ் வரும். இடைக்கால உத்தரவால் கல்லூரியில் சேர்ந்து படிப்பையே முடித்துவிட்ட மாணவரின் வழக்கில், ‘படிப்புதான் முடிந்துவிட்டதே, இன்ஃப்ரக்சுவஸ்’ என்று சொன்னால் உடனே சம்மதிக்கக் கூடாது. அவருடைய சேர்க்கை முறைப்படுத்தப்படுகிறது, சான்றிதழ் வழங்க வேண்டும் என்று உத்தரவில் ஒரு வரி வேண்டும். அந்த ஒரு வரி இல்லாமல் பட்டச் சான்றிதழுக்காக மறுபடியும் கோர்ட் படியேறும் நிலை எந்தப் பிள்ளைக்கும் வரக் கூடாது.

பொது முக்கியத்துவம் என்ற வழி

தனக்கென்று மிச்சம் எதுவும் இல்லாத நிலையிலும் நீதிமன்றம் தீர்ப்புச் சொல்வதுண்டு. ஆனால் இதைக் கடைசி ஆயுதமாக வையுங்கள். 2016 நவம்பர் 8 பணமதிப்பிழப்பை எதிர்த்த வழக்குகள் விசாரணைக்கு வந்தபோது, ஆண்டுகள் கடந்துவிட்டன, இது ஏட்டுக் கேள்வி என்று ஒன்றிய அரசு வாதிட்டது. ஐந்து நீதிபதிகள் அமர்வு கேட்டு முடித்து, 2023 ஜனவரி 2 அன்று நாலுக்கு ஒன்று என்ற கணக்கில் நடவடிக்கை செல்லும் என்றது. மனுதாரர்கள் தோற்றார்கள் என்றாலும் சட்டக் கேள்விக்குப் பதில் கிடைத்தது. பீகாரில் அவசரச் சட்டங்களைத் திரும்பத் திரும்பப் பிறப்பித்ததை எதிர்த்த டி.சி. வாத்வா வழக்கில், மூன்றில் இரண்டு அவசரச் சட்டங்கள் அதற்குள் முறையான சட்டங்களாகிவிட்டன. அப்படியும் உச்ச நீதிமன்றம் அந்த வழக்கத்தையே கண்டித்து, 1986 டிசம்பரில் தீர்ப்பளித்து, மனுதாரருக்கு 10,000 ரூபாய் செலவுத்தொகையும் தரச் சொன்னது.

இந்த வழியில் போக வேண்டுமானால், ‘இது திரும்ப நடக்கும், ஒவ்வொரு முறையும் கோர்ட் பார்ப்பதற்குள் முடிந்துவிடும்’ என்பதை ஆவணத்தால் காட்ட வேண்டும். சென்னையில் மாநகரப் போலீஸ் சட்டம் 41ஆம் பிரிவின் தடை உத்தரவுக்கு ஆயுள் 15 நாள். அது முடிந்ததும் அடுத்தது வரும். ஒரே ஒரு உத்தரவை எதிர்த்தால் 16ஆம் நாள் வழக்கு காலி. முந்தைய பல மாத உத்தரவுகளையும் வாங்கி, தேதிவாரியாக அட்டவணை போட்டு, தொடர்ச்சியையே எதிர்த்தால் நீதிமன்றத்துக்கு அதைக் கேட்க ஒரு காரணம் கிடைக்கும். பழைய உத்தரவுகளைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்க 30 நாள் ஆகலாம் என்பதால் அதை முதலில் தொடங்குங்கள்.

தேதி ஓடுகிற வழக்கில்

நாளையோ நாளை மறுநாளோ எல்லாம் முடிந்துவிடும் என்றால் காலையில் கோர்ட் அமர்ந்ததும் மென்ஷன் செய்து (அவசரத்தை நீதிபதியிடம் வாயால் சொல்லி) லஞ்ச் மோஷன், அதாவது அன்று மதியமே விசாரணை கேளுங்கள். கேட்கும்போது தேதியை முதல் வாக்கியத்திலேயே சொல்லுங்கள். முழுத் தடை கிடைக்காவிட்டாலும் அதற்கு அடுத்த படி உண்டு: ‘இந்தத் தேர்வின், அல்லது டெண்டரின் முடிவு இந்த ரிட் மனுவின் இறுதித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது’ என்று ஒரு இடைக்கால உத்தரவு. இதைக் கொடுக்க நீதிபதிகள் பொதுவாகத் தயங்குவதில்லை. இது இருந்தால், பணி ஆணை கொடுத்துவிட்டோம் என்ற வாதம் பிறகு எடுபடாது. தேர்வானவர்களையும் ஒப்பந்தம் பெற்றவரையும் உடனே எதிர்மனுதாரராகச் சேர்த்துவிட வேண்டும். அவர்களைக் கேட்காமல் அவர்களுக்கு எதிராக உத்தரவு போட முடியாது என்பதாலேயே பல நல்ல வழக்குகள் கடைசியில் கைவிட்டுப் போகின்றன.

உங்கள் பக்கம் ஏதாவது மாறிவிட்டால், வேலை திரும்பக் கிடைத்தாலோ சமரசம் ஆனாலோ, அதை நீங்களே முந்திச் சொல்லிவிடுங்கள். மறைத்து வைத்துத் தடை உத்தரவை நீட்டித்துக்கொண்டது தெரியவந்தால் செலவுத்தொகை விழும். அதைவிடப் பெரிதாக, பாக்கிக் கோரிக்கையைக் கேட்கும் காதும் இல்லாமல் போகும்.

தவறாகத் தள்ளுபடி ஆகிவிட்டால்

எதிர்த்தரப்பு சொன்ன தகவலே தவறு, வாபஸானது வேறு உத்தரவு என்றால், ‘ஃபார் பீயிங் மென்ஷன்ட்’ என்ற தலைப்பில் அதே நீதிபதி முன் வழக்கைத் திரும்பப் பட்டியலிடக் கேளுங்கள். தவறைக் காட்டும் நகலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். அதில் சரியாகாது என்றால் மறுஆய்வு மனு. தகவல் சரி, ஆனால் பாக்கிக் கோரிக்கையைக் கவனிக்காமல் முடித்துவிட்டார்கள் என்றால், சென்னை உயர் நீதிமன்றத்தில் லெட்டர்ஸ் பேட்டன்ட் (அந்த நீதிமன்றத்தை அமைத்த சாசனம்) 15ஆம் பிரிவின்படி இரு நீதிபதிகள் அமர்வில் ரிட் மேல்முறையீடு. இரண்டுக்கும் கெடு 30 நாள். சான்றிட்ட நகல் வாங்க ஆகும் நாட்கள் அதில் கழிக்கப்படும். ஆகவே தள்ளுபடியான அன்றே நகலுக்கு விண்ணப்பித்து, விண்ணப்ப எண்ணைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள்.